இருபத்திரண்டு முத்திரைகள்

பொழுது புலரும்போது கங்கு அடுப்பு வாயைத் திறந்து, நீளக் கொக்கியால் சாம்பலை இழுத்துக்கொண்டிருந்தாள். முகத்தில் அனல், முதுகில் பனி. சலவை ஆலையின் கொதிகலனுக்குத் தீ போடுகிறவள் என்பதால் வந்த பட்டப்பெயர்தான் கங்கு.

கொதிகலனின் தலையில் கைமுட்டி அளவு ஒரு வால்வு உண்டு. அழுத்தம் எல்லை தாண்டினால் அது தானாகத் திறந்து ஆவியை வெளியே விடும், ஆட்கள் பிழைப்பார்கள். ஆனால் திறக்கும் ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் விறகு வீண். முதலாளி அதைக் கம்பியால் இறுக்கிக் கட்டியிருந்தார். போன வருஷம், போக வழியில்லாத ஆவி குழாய் மூட்டைப் பிய்த்துக்கொண்டு வந்து கங்குவின் தங்கையுடைய வலது கையை வேகவைத்தது. 'பழுதில்லை' என்று சான்று கொடுத்திருந்த கொதிகலன் ஆய்வு அதிகாரி இன்றும் அதே நாற்காலியில் இருக்கிறார்.

அதன் பிறகுதான் தொழிலாளர்கள் இருபத்திரண்டு பேர் சேர்ந்து, சொந்தமாகச் சலவை நடத்த ஒரு பழைய கொதிகலனை வாங்கிப் பழுதுபார்த்து, கொட்டகை ஒன்றில் நிறுத்தினார்கள். அதை ஓட்ட அனுமதி கேட்டுப் பதினொரு மாதம். அதிகாரி கொடுக்கவுமில்லை, மறுக்கவுமில்லை. மறுத்தால் மேல்முறையீடு உண்டு, மௌனத்துக்கு ஏது? நீதிமன்றம் போனார்கள். உத்தரவு கைக்குக் கிடைத்து இருபத்தெட்டு நாளுக்குள் முடிவெடுக்க வேண்டும், மறுத்தால் காரணத்தை எழுத்தில் தர வேண்டும் என்று தீர்ப்பானது.

உத்தரவைக் கொடுத்து இன்று முப்பத்தோராம் நாள். கொட்டகையைக் காலி செய்யச் சொல்லிக் கொட்டகைக்காரர் கொடுத்த கெடுவில் இன்னும் இருபத்தொன்பது நாள்தான் மிச்சம்.

"என்ன கங்கு, உங்க கொதிகலன்ல எலி குட்டி போட்டுச்சாமே?" என்றார் முதலாளி.

"ஆமாங்க. வால்வுல கம்பி இல்ல பாருங்க, பயமில்லாம குடியிருக்கு."

பத்து மணிக்குத் தங்கையுடன் அலுவலகம் போனாள்.

"உத்தரவா? எனக்கு எதுவும் வரலையேம்மா," என்றார் அதிகாரி.

"நானே கொண்டுவந்து கொடுத்தேன் சார்."

"முத்திரை போட்டு வாங்கினியா?"

வாங்கவில்லை. ஆலையில் மூட்டை கைமாறும்போது யாரும் சீட்டு கேட்பதில்லை. துணியோரத்தில் குறிநூல் தைத்தால் போதும். அந்தப் பழக்கத்தில் உத்தரவு நகலின் மூலையிலும் சிவப்பு நூலைத் தைத்துக் கொடுத்துவிட்டு வந்திருந்தாள். மேஜையில் குவிந்த காகிதங்களுக்கு நடுவே அந்த நூல் எட்டிப் பார்த்தது. தங்கை இரண்டு விரலால் அதைப் பிடித்து இழுத்தாள். நகல் முழுசாக வெளியே வந்தது.

அதிகாரியின் முகம் ஒரு கணம் வெளுத்தது. பிறகு சிரித்தார். "நூலுக்குத் தேதி கிடையாதும்மா. நாள் கணக்கு இன்னும் ஆரம்பிக்கல."

கங்கு ஆலைக்குத் திரும்பி, எரிகிற விறகைக் கொக்கியால் வெளியே இழுத்துத் தண்ணீர் தெளித்தாள். ஆவி இறங்கியது, இஸ்திரி உருளைகள் ஒவ்வொன்றாக நின்றன.

முதலாளி ஓடிவந்தார். "யாரைக் கேட்டு அணைச்ச?"

"யாரைக் கேட்டு வால்வைக் கட்டுனீங்க?"

"எல்லாரையும் வெளியே தள்ளிடுவேன்!"

"சிரமப்படாதீங்க முதலாளி," என்றார் இஸ்திரி அண்ணன், ஈரக்கையை உதறிக்கொண்டே. "நாங்களே வெளியதான் போறோம்."

மதியம் அலுவலக வாசலில் இருபத்திரண்டு பேர் வரிசையில் நின்றார்கள். கையில் ஆளுக்கொரு உத்தரவு நகல்.

"ஒண்ணு போதாதா?" என்று அதிகாரி சீறினார்.

"ஒண்ணு காணாமப் போச்சே சார்," என்றாள் கங்கு. "ஒண்ணு விடாம முத்திரை போடுங்க. இருபத்தெட்டு நாளும் முறை வெச்சு வருவோம். மாட்டேன்னா மாட்டேன்னு எழுதுங்க, ஏன்னும் எழுதுங்க. அந்தக் காரணத்தை அப்படியே எடுத்துட்டுப் போய், நீங்க சான்று கொடுத்த கொதிகலனுக்கும் பொருந்துதான்னு நீதிபதிகிட்டயே கேக்குறோம். கம்பியையும் கொண்டுபோறோம்."

அதிகாரி அவளை நிமிர்ந்து பார்க்கவில்லை. முத்திரை விழத் தொடங்கியது. டப். டப். ஒவ்வொருவரும் தேதியைச் சத்தமாகப் படித்துவிட்டே நகர்ந்தார்கள்.

கடைசியில் தங்கை. மடங்கிய விரல்களுக்கிடையே காகிதத்தைச் செருகி, வெந்த கையையே நீட்டினாள். முத்திரை அந்தரத்தில் நின்றது.

"அழுத்திப் போடுங்க சார்," என்றாள். "வலிக்காது."

டப்.

"ஒண்ணாம் நாள்," என்றாள் கங்கு. பின்னாலிருந்து இருபத்தொரு குரல்கள் அதைத் திருப்பிச் சொல்லின.