கண் திறக்காத சரஸ்வதி

மலையாள எல்லையோரக் கொழிஞ்சாம்பாறையில் மளிகைக் கடை மாடியில் ஞாயிறுதோறும் சுவர்ச்சித்திர வகுப்பு எடுக்கிற பூபதிராஜாவுக்கு வயது நாற்பத்தெட்டு. பொண்டாட்டி இருக்கிறாள், பெண்ணைக் கட்டிக் கொடுத்தாயிற்று. இருந்தும் மாதுரியின் ஸ்கூட்டர் சத்தம் கேட்கும்வரை மனுஷனுக்குக் கையில் பிரஷ் ஓடாது. முப்பத்தைந்து வயது மாதுரி சித்தூர் பக்கம் வில்லேஜ் ஆபீஸில் கிளார்க். அவளுக்கு இதெல்லாம் தெரியாது. சார் என்றால் சாமிக்கு அடுத்தபடி. அவருடைய வெட்கங்கெட்ட மனசுக்கு அதுவும் இனித்தது.

அதே பாணியில் கான்வாஸில் அவள் வரைந்த சரஸ்வதி கொச்சிக் கண்காட்சிக்குப் போக வேண்டியது. தேர்வானால் அங்கேயே ஒரு வருஷம் தங்கி வரையலாம். லீவுக்குக்கூட எழுதிக் கொடுத்திருந்தாள். கண் மட்டும்தான் பாக்கி. இந்த வேலையில் கண்ணைக் கடைசியாகத்தான் வரைந்து திறப்பார்கள், அதுவும் ஆசான் வாயால் சொன்ன பிறகு.

"சார், கண்ணு தொறந்தரட்டுங்களா?"

பூபதிராஜா படத்தைப் பார்த்தார். தன் கைக்கு இவ்வளவு வராது என்று அவருக்கே தெரிந்தது. திறந்தால் படம் கொச்சிக்குப் போய்விடும், பின்னாலேயே அவளும் போய்விடுவாள்.

"இன்னும் பக்குவம் வரலீங்க" என்றார்.

அடுத்த வாரமும் அதையே சொன்னார். கடைசித் தேதி போயே போய்விட்டது. அன்றைக்கு அவருக்குச் சோறு இறங்கவில்லை. ஆனாலும் உள்ளுக்குள் ஒரு நிம்மதி. அந்த நிம்மதியை நினைத்துத்தான் கூசிப்போனார்.

ஞாயிற்றுக்கிழமை சண்டைக்கு வருவாள் என்று பயந்திருந்தார். அவளோ சிரித்துக்கொண்டே படியேறி வந்தாள்.

"படம் ஏன் வரலைன்னு கொச்சியிலிருந்து கூப்பிட்டாங்க சார். கண்ணு பாக்கின்னேன். ரெண்டு நாள் கூடத் தர்றோம், கண்ணை வரஞ்சு அனுப்புங்கன்னாங்க. எங்க சார் சொல்லாம தொறக்க மாட்டேன்னுட்டேனுங்க."

அவர் அவளுடைய வெறுங்கையைப் பார்த்தார். "படம் எங்கீங்க?"

"பக்குவமில்லாதத வெச்சு என்னங்க பண்றது? நேத்து அதுமேல வெள்ளையடிச்சுட்டேன். மொதல்லிருந்து வரையறேனுங்க."

பூபதிராஜாவுக்கு அவமானம் உடம்பெல்லாம் தீயாய் எரிந்தது.

"மாதுரி, அது நல்லாத்தான் இருந்துச்சுங்க. அன்னிக்கே தொறந்திருக்கலாம். நான் பொய் சொல்லிட்டேன்."

அவள் கலகலவென்று சிரித்தாள். "என் மனசு நோகக்கூடாதுன்னு இப்பத்தானுங்க சார் பொய் சொல்றீங்க! நீங்க உள்ளதைச் சொல்வீங்கன்னுதானே நான் இத்தன தூரம் வர்றது."

ஏன் பொய் சொன்னேன் என்பது தொண்டைவரை வந்தது. அதைச் சொன்னால் நம்புவாள். நம்பினால் இனி இந்தப் படியேற மாட்டாள்.

பூபதிராஜா அவளுக்கு ஒரு புதுக் கான்வாஸை எடுத்துக் கொடுத்தார்.