ஐயத்தால் வாங்கிய புத்தகங்கள்

“அலமாரிச் சாவியைக் கொடுங்க” என்று இஸ்திரிக்காரியின் மகள் சபைச் செயலாளரிடம் கேட்டாள். எதை வேண்டுமானாலும் கேள், அதை மட்டும் கேட்காதே என்று அவளுக்குச் சின்ன வயதிலேயே சொல்லி வைத்திருந்தார்கள். காரணம் ஒன்றும் ரகசியமில்லை. சபை வாசகசாலையின் கண்ணாடி அலமாரியில் இருந்த புத்தகங்கள் வளர்ந்துகொண்டிருந்தன. அவை கிறிஸ்தவத் தத்துவ நூல்கள். விசுவாசத்துக்கும் பகுத்தறிவுக்கும் என்ன உறவு, ஒன்று இருக்கும் வீட்டில் மற்றது குடியிருக்குமா என்று பல நூற்றாண்டுகளாக மனிதர்கள் மண்டையை உடைத்துக்கொண்டு எழுதியவை. ஊரில் யாராவது மனதாரச் சந்தேகப்பட்டு ஒரு கேள்வி கேட்டால், அந்தப் புத்தகங்களில் ஏதாவது ஒன்றில் ஒரு பக்கம் கூடிவிடும். அச்செழுத்து, தாளின் பழுப்பு எல்லாம் மற்றப் பக்கங்களைப் போலவே இருக்கும். பக்க எண்கூடச் சரியாக வந்துவிடும்.

இதற்கு மூலகாரணம் முதல் போதகரின் தமிழ்ப்பற்று. சபையார் தங்கள் சந்தேகங்களைச் சீட்டில் எழுதிப் போடட்டும் என்று அவர் வாசலில் ஒரு பெட்டி வைத்தார். ‘சந்தேகப் பெட்டி’ என்று எழுதியிருந்தால் எல்லோருக்கும் புரிந்திருக்கும். அவருக்கு வடசொல் ஆகாது. ‘ஐயம் இடுக’ என்று கொட்டை எழுத்தில் எழுதினார். ஐயம் என்றால் பிச்சை என்றுதான் சனங்கள் பள்ளிக்கூடத்தில் படித்திருந்தார்கள். போகிறவர் வருகிறவரெல்லாம் காசு போட்டார்கள். வருஷ முடிவில் பெட்டியைத் திறந்த போதகர் ஒரு சந்தேகத்தையும் காணாமல், என் சபைதான் எவ்வளவு தெளிவாக இருக்கிறது என்று முதலில் மகிழ்ந்தார். பிறகு யாரோ எடுத்துச் சொல்ல, வெட்கப்பட்டுச் சிரித்தார். நல்ல மனிதர். காசை வேறெதிலும் செலவழிக்காமல், சந்தேகத்துக்காக வைத்த பெட்டி சந்தேகத்துக்கே போகட்டும் என்று அந்தப் புத்தகங்களை வாங்கினார். ஆக, அவை ஐயத்தால் வாங்கியவை. ஐயத்தைத் தின்று வளர்ந்தன என்பதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை என்று ஊர் எடுத்துக்கொண்டது.

நல்ல காலம் அது. நான் எந்த இருக்கையில் உட்காருவேன் என்று கடவுளுக்கு முன்கூட்டியே தெரியுமென்றால் என்னை ஏன் யோசிக்க விடுகிறார் என்று ஒரு பேருந்து நடத்துநர் கேட்டார். சுயசித்தத்தைப் பற்றிய நூலில் ஒரு பக்கம் கூடியது. அவர் வந்து, டிக்கெட் பையோடு நின்றபடியே வாசித்துவிட்டு, பாதி புரிகிறது, மீதிக்கு நாளைக்கு வருகிறேன் என்று போனார். அலமாரியை அகலப்படுத்த வந்த தச்சர், வேலை செய்யும்போதே, கடவுள் தன்னால் தூக்க முடியாத பலகையைச் செய்வாரா என்று கேட்டு வைத்ததில் மறுபடியும் அலமாரியை அகலப்படுத்த வேண்டியதாயிற்று. அதற்குக் கூலி கேட்க அவருக்கு வாய் வரவில்லை.

பிறகு இப்போதைய செயலாளர் வந்தார். பொறுப்பான ஆள். கூரை ஒழுகல், மின்கட்டணம், மரப்பலகை விலை எல்லாம் அவர் தலையில். இப்படியே போனால் கட்டடம் தாங்காது என்று அலமாரியைப் பூட்டினார். பூட்டியதற்கு ஒரு நியாயமும் வேண்டுமே, கேள்வி கேட்டால் விசுவாசம் குறையும் என்று அறிவிப்பு வந்தது. பிள்ளைகள் அவருக்குப் ‘பூட்டு மாமா’ என்று பெயர் வைத்தார்கள். புத்தகங்களுக்கு அறிவிப்பு புரியவில்லை. பூட்டுக்குள்ளேயே வளர்ந்தன. கண்ணாடியில் கீறல் விட்டது. கதவுக்குக் கயிறு கட்டினார்கள்.

அந்த நாட்களில்தான் இஸ்திரிக்காரியின் மகன் காய்ச்சலில் இறந்தான். பள்ளிக்கூடம் போகிற வயது. சலவைக்கடையில் காலையிலிருந்து கடை மூடும்வரை நின்றுகொண்டே சட்டை தேய்க்கிற பெண் அவள். ஆஸ்பத்திரியிலும் நின்றுகொண்டேதான் ஜெபம் பண்ணினாள். அடக்கம் முடிந்து வந்தவர்களுக்கு நன்றி சொல்லிக்கொண்டிருந்தவள், செயலாளரின் முறை வந்ததும், “நான் சரியா நம்பலையா, இல்ல ஆண்டவரு சரியா கேக்கலையா?” என்றாள். சண்டைக்குக் கேட்கவில்லை, வழி கேட்பதுபோலத்தான் கேட்டாள். செயலாளர் திகைத்துப்போனார். ஏதாவது சொல்லியாக வேண்டும் என்ற அவசரத்தில், “உன் விசுவாசம் பத்தலம்மா” என்று சொல்லிவிட்டார். அந்த நேரத்தில் வாசகசாலையில் கயிறு அறுந்த சத்தம் தெருவரை கேட்டது.

அதன் பிறகு அவள் சபைக்கு வராமல் இருந்ததில்லை. கடைசி வரிசையில் நிற்பாள். ஆமென் மட்டும் சொல்வதில்லை. எல்லோரும் சொல்லும்போது அவள் உதடு ஒட்டியிருக்கும். பக்கத்தில் நிற்கும் மகள் அதைப் பார்த்துப் பார்த்தே வளர்ந்தாள். கல்லூரியில் என்ன படிப்பு வேண்டும் என்று கேட்டபோது, தத்துவம் என்றாள். அதைப் படித்து என்ன செய்வாய் என்று உறவெல்லாம் தலையில் அடித்துக்கொண்டது. அம்மா அவளுடைய துணியைத் தேய்த்துக் கொடுத்தாள். குடும்பத்தில் முதல் பட்டம். சபையில் அவளுக்குப் ‘பட்டதாரி’ என்றே பெயராகிவிட்டது. பாதி பெருமை, பாதி குத்தல்.

சபைப் பள்ளிக்கூடத்தில் அவளுக்கு வேலை கொடுக்கத்தான் செயலாளர் அன்று கூப்பிட்டிருந்தார். அம்மாவின் கால் நரம்புகள் புடைத்துக் கிடப்பது அவருக்கும் தெரியும். திங்கட்கிழமை சேர்ந்துகொள், பிள்ளைகளுக்குப் பாடத்தை மட்டும் சொல்லிக்கொடு, கேள்வி கீள்வி என்று கிளப்பாதே என்றார். அப்போதுதான் அவள் சாவி கேட்டாள்.

“அதை மட்டும் கேக்காதேன்னு சொல்லியிருக்கா இல்லையா?”

“சொல்லியிருக்கு. எங்கம்மா கேட்டதுக்கு ஒரு பக்கம் உள்ள வந்திருக்கு. அதை வாசிக்கணும். தம்பி செத்ததுக்கு எங்கம்மாதான் காரணம்னு சொல்லிட்டுப் பூட்டி வச்சிருக்கீங்க.”

வேலை வேண்டுமா வேண்டாமா என்று அவர் மிரட்டுவார், அதற்கு என்னென்ன சொல்ல வேண்டும் என்று வழியெல்லாம் நாக்கைத் தீட்டிக்கொண்டு வந்திருந்தாள். அவர் மிரட்டவில்லை. மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்ததையே திரும்பத் துடைத்தார்.

“அன்னிக்கு அப்படிச் சொன்னதிலிருந்து எனக்கும் ஒண்ணு மனசுல ஓடிக்கிட்டே இருக்கும்மா. அதுவும் உள்ள வந்திருக்கும். பயந்துதான் நான் திறக்கல.” சாவியை எடுத்து மேசைமேல் வைத்தார்.

கதவைத் திறக்க இரண்டு பேரும் சேர்ந்து பிடித்து இழுக்க வேண்டியிருந்தது. விசுவாசமும் பகுத்தறிவும் பற்றிய நூல் எல்லாவற்றிலும் பெரிதாகப் பருத்துப்போய் நடுவில் உட்கார்ந்திருந்தது. அதை எழுதியவர் எந்தக் காலத்திலோ, எந்தக் குளிர்தேசத்திலோ மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் எழுதிய துறவி. எதிர்வாதம் என்று தலைப்பிட்டு முதலில் எதிராளியின் கேள்வியைச் சொல்வார். எதிராளியே இவ்வளவு நன்றாகச் சொல்லியிருக்க மாட்டான் என்னும்படி சொல்வார். பிறகுதான் தன் விடைக்கு வருவார். கல்லூரிப் பேராசிரியர், பகுத்தறிவு முடிகிற இடத்தில் விசுவாசம் தொடங்குகிறது என்று ஒரே வரியில் முடித்துவிட்டுத் தேநீர் குடிக்கப் போன பாடம் அது. அவள் புரட்டிக்கொண்டே போய் அந்தப் பக்கத்தில் நின்றாள். சத்தமாக வாசித்தாள்.

‘எதிர்வாதம்: இஸ்திரி போடும் ஒரு பெண் கேட்கிறாள், நான் சரியாக நம்பவில்லையா, அவர் சரியாகக் கேட்கவில்லையா? விடை: இக்கேள்வியில் பாவம் இல்லை. நம்பாதவள் இதைக் கேட்கமாட்டாள். யோசிக்காதவளாலும் கேட்க முடியாது. தாயின் விசுவாசம் குறைந்ததால் பிள்ளை சாகவில்லை. அப்படிச் சொல்வது பகுத்தறிவுக்கும் பொருந்தாது, கடவுளுக்கும் பொருந்தாது. பிள்ளை ஏன் இறந்தான் என்பதற்கு என்னிடம் விடை இல்லை. விடை உள்ளவரிடம் நானும் கேட்டுக்கொண்டிருக்கிறேன். அதுவரை அவளுக்கு யாராவது ஒரு நாற்காலி போடுங்கள்.’

செயலாளர் தலை குனிந்திருந்தார். அடுத்த பக்கம் அவருடையது. அதை அவரே வாசிக்கட்டும் என்று அவள் புத்தகத்தை அவர் பக்கம் திருப்பி வைத்துவிட்டு ஜன்னலோரம் போய் நின்றாள். கோபம் எங்கேயும் போய்விடவில்லை. இருந்த இடத்திலேயே இருந்தது. ஆனால் அதைவிடப் பெரிதாக இன்னொன்று எழுந்தது. சீட்டுக்குப் பதில் சில்லறை போட்ட அத்தனை பேரையும் அவள் நினைத்தாள். தப்பாகப் புரிந்துகொண்டு அவர்கள் போட்ட காசில்தான் இது இங்கே வந்திருக்கிறது. முகம் தெரியாத அந்தத் துறவியை, வரி வரியாகத் தமிழில் தந்த பெயர் தெரியாத மொழிபெயர்ப்பாளரை, சந்தேகம் என்று எழுத மறுத்த போதகரை நினைத்தாள். சட்டை தேய்க்கிற ஒருத்தியின் கேள்விக்குத் தாள் வேண்டும், மை வேண்டும், பக்க எண் வேண்டும் என்று இந்த உலகத்தில் எங்கேயோ தீர்மானமாகியிருக்கிறதே. “ரொம்ப நன்றி” என்றாள். யாருக்குச் சொன்னாள் என்று செயலாளருக்குப் புரியவில்லை. அவர் வாசித்து முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

பழக்க தோஷம் விடவில்லை. “பூட்டிட்டுப் போம்மா,” என்றார். “இதெல்லாம் வெளியில போனா நமக்குள்ள வீண் பேச்சு. திங்கக்கிழமை வந்து சேர்ந்துக்கோ.”

“பூட்டி வச்சுட்டுப் பாடம் நடத்த எனக்கு வராது, ஐயா. வேற யாரையாவது பாருங்க.”

“கோவத்துல முடிவெடுக்காதே.”

“அந்தப் பக்கத்தை வாசிக்கும்போதே எடுத்தாச்சு. அது கோவத்துல எடுத்த முடிவில்ல. இதை எங்கம்மாகிட்ட வாசிச்சுக் காட்டிட்டுத் திருப்பிக் கொண்டாந்துடுவேன். நீங்க வேணும்னா கடைக்கு வந்து கேளுங்க, நாலு பேர் உக்கார இடமிருக்கு.”

அலமாரியை அகலத் திறந்தபடியே விட்டு, புத்தகத்தை இடுப்பில் குழந்தையைப் போல வைத்துக்கொண்டு வெளியே வந்தாள். வெயில் ஏறியிருந்தது. அடுத்த வேலைக்கு எங்கே போவது, வாடகைக்கு என்ன செய்வது என்று நடந்துகொண்டே யோசித்தாள். யோசனை ஒரு கேள்வியில் போய் முட்டியபோது இடுப்பில் பாரம் சற்றே கூடியது. அவள் நின்று பார்க்கவில்லை. புத்தகத்தை மறு இடுப்புக்கு மாற்றிக்கொண்டு, சலவைக்கடையை நோக்கித் தெருவைக் கடந்தாள்.