அவன் சொல்றபடி

நாற்பத்து நாலு வயது ஆகியும், தினம் எட்டு மணி நேரம் நகரத்துக்குள் பேருந்து ஓட்டியும், வீட்டில் அவள் பாப்பாதான். பணிமனையில் யாரும் அப்படிக் கூப்பிட்டுவிட முடியாது. மூக்கின் மேல் கோபம் உள்ளவள் என்று அங்கே பெயரெடுத்திருந்தாள். படியில் தொங்குகிறவன் உள்ளே ஏறும்வரை வண்டியை நகர்த்த மாட்டாள். பின்னால் பத்து வண்டி ஹார்ன் அடித்தாலும் கைகட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். கல்யாணம் இரண்டே வருடத்தில் ஒத்துவராமல் போய், அப்பா வீட்டுக்குத் திரும்பி வந்து பதினெட்டு வருடம் ஆகிவிட்டது. அம்மா போன பிறகு அந்த இரண்டாம் மாடி வீட்டில் அப்பாவும் அவளும் மட்டும்தான்.

அப்பா தீயணைப்பு நிலையத்தில் முப்பத்தோரு வருடம் வேலை பார்த்தவர். எரிகிற கட்டடத்துக்குள் நுழைந்து ஆட்களைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தவருக்கு, இப்போது கட்டிலிலிருந்து கழிப்பறைக்குப் போவது ஒரு பெரிய பயணம். நுரையீரல் இறுகிக்கொண்டே போகிறது, இதைத் திருப்பிக் கொண்டுவர மருந்து கிடையாது என்று டாக்டர்கள் சொல்லி ஒன்றரை வருடம். மூக்கில் எந்நேரமும் ஆக்சிஜன் குழாய். ஒரு வாக்கியத்தை மூன்றாக உடைத்துத்தான் பேசுவார்.

மாதம் இருமுறை வீட்டுக்கே வந்து பார்க்கும் டாக்டரம்மா ஒருவர் இருந்தார். ஒரு நாள் அவர் நாற்காலியைக் கட்டிலுக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டு, உங்களுக்கு எது முக்கியம், எது வேண்டவே வேண்டாம் என்று அப்பாவிடம் கேட்டார். அதுவரை அவரிடம் அப்படி யாரும் கேட்டதில்லை. அப்பா பாப்பாவிடம் பேப்பர் எடுத்து வரச் சொன்னார்.

அவர் சொல்லச் சொல்ல அவள் எழுதினாள். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகக் கூடாது. மூச்சுக்கு மெஷின் வைக்கக் கூடாது. கையைக் கட்டக் கூடாது. திணறல் வந்தால் நாக்குக்கு அடியில் டாக்டரம்மா கொடுத்த சொட்டு மருந்து; தூக்கம் வந்தாலும் பரவாயில்லை. கட்டிலைத் தெரு தெரிகிற முன்னறைக்கு மாற்ற வேண்டும். போன பிறகு யூனிஃபார்ம் போட்டுவிடக் கூடாது, வெள்ளைச் சட்டை போதும். கடைசியில் கையெழுத்துப் போட்டார். சாட்சியாகப் பாப்பா தன் பெயரை எழுதினாள். டாக்டரம்மாவும் கையெழுத்துப் போட்டார். வாசல் வரை வந்து பாப்பாவிடம், குடும்பத்தில் எல்லாருக்கும் இது தெரிந்திருக்க வேண்டும், அது ரொம்ப முக்கியம் என்று சொல்லிவிட்டுப் போனார்.

எல்லாரும் என்றால் அண்ணன்தான். கப்பலில் என்ஜினியர். வருடத்தில் எட்டு மாதம் தண்ணீரில் இருப்பான். அவன் போன் செய்யும்போதெல்லாம் அப்பா ஆக்சிஜன் குழாயைக் கழற்றி வைத்துவிட்டு, நெஞ்சை நிமிர்த்தி, நல்லா இருக்கேன்டா என்று நாலு வார்த்தை பேசுவார். போனை வைத்ததும் அரை மணி நேரம் இளைப்பார். அவனிடம் சொல்லுங்கள் என்று பாப்பா சொல்லும்போதெல்லாம், நீயே பக்குவமாகச் சொல்லிவிடு என்று அவள் தலையில் கட்டினார். அவளும் இன்று நாளை என்று தள்ளிப்போட்டாள். அந்தத் தப்பில் தனக்கும் பங்கு உண்டு என்று அவளுக்குத் தெரியும். ஆனாலும் அது ஏன் என் வேலை என்று உள்ளுக்குள் புகைந்துகொண்டே இருந்தது.

அண்ணன் லீவில் வந்த மூன்றாம் நாள், காலை ஷிஃப்டில் இருந்தாள் பாப்பா. கடைசி நிறுத்தத்தில் வண்டியை நிறுத்திவிட்டு போனைப் பார்த்தால் அவனிடமிருந்து பதினோரு அழைப்புகள். திருப்பிக் கூப்பிட்டாள். அப்பாவுக்குச் சளி கட்டி மூச்சு முட்டியிருக்கிறது. மருந்து பாட்டில் தலைமாட்டிலேயே இருந்தது. அது எதற்கு என்று அவனுக்குத் தெரியாது. ஆம்புலன்ஸைக் கூப்பிட்டுவிட்டான். அதற்குள் பேருந்து நிறைய ஆட்கள் ஏறிவிட்டிருந்தார்கள். பாப்பா பல்லைக் கடித்துக்கொண்டு அத்தனை பேரையும் அவரவர் நிறுத்தத்தில் இறக்கிவிட்டு, பணிமனையில் சாவியைக் கொடுத்துவிட்டு, வீட்டுக்குப் போய் அந்தப் பேப்பரை எடுத்துக்கொண்டு, யூனிஃபார்மோடு ஆஸ்பத்திரிக்கு ஓடினாள்.

தீவிர சிகிச்சைப் பிரிவில் அப்பாவின் முகத்தில் ஒரு பெரிய மாஸ்க் இறுக்கி மாட்டியிருந்தது. மெஷின் காற்றை உள்ளே அடித்துத் தள்ள, அவர் நெஞ்சு தூக்கித் தூக்கிப் போட்டது. கால்மாட்டில் அண்ணன் அவர் பாதத்தைப் பிடித்துக்கொண்டு நின்றான். பாப்பா பேப்பரை டியூட்டி டாக்டரிடம் நீட்டினாள். அவர் படித்துவிட்டு அண்ணனிடம் கொடுத்தார்.

அண்ணன் இருமுறை படித்தான். முகம் சிவந்தது.

"இது உன் கையெழுத்துதானே பாப்பா? அப்பா சாகட்டும்னு நீயே எழுதி வச்சிருக்கே."

அவர் சொன்னதைத்தான் எழுதினேன், கீழே அவர் கையெழுத்தைப் பார் என்றாள். மூச்சு முட்டுகிற மனுஷனிடம் எதில் வேண்டுமானாலும் கையெழுத்து வாங்கலாம் என்றான் அவன். டியூட்டி டாக்டர் இளம் வயதுக்காரர், ஆனால் நிதானம் உள்ளவர். நோயாளிக்கு நினைவு இருக்கிறது, அவரையே கேட்டுவிடுவோம் என்று மாஸ்க்கைச் சற்றுத் தளர்த்தினார். ஐயா, இந்தச் சிகிச்சை வேண்டுமா, வேண்டாமா, நீங்கள் சொல்கிறபடி செய்கிறோம் என்று குனிந்து கேட்டார்.

அப்பா பாப்பாவைப் பார்த்தார். பிறகு மகனைப் பார்த்தார். அவன் கண்ணில் தண்ணீர் தளும்பி நின்றது.

"அவன்... சொல்றபடி... செய்ங்க."

பாப்பாவுக்கு யாரோ கன்னத்தில் அறைந்தது போல இருந்தது. பேப்பரை வாங்கி நாலாக மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்தாள். வெளியே வந்து வராந்தாவில் இருந்த இரும்பு நாற்காலியை ஒரு உதை விட்டாள். உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்து தள்ளிப் போனார்கள்.

ஐந்து நாள் மாஸ்க் இருந்தது. இரண்டாம் நாள் பார்வை நேரத்தில் போனபோது, அப்பாவின் இரண்டு கைகளும் துணிப்பட்டையால் கட்டில் கம்பியில் கட்டியிருந்தன. மாஸ்க்கைப் பிடுங்கிப் பிடுங்கிப் போடுகிறார், மகன் சம்மதித்துக் கையெழுத்துப் போட்டிருக்கிறார் என்றாள் நர்ஸ். மூக்குத்தண்டில் தோல் உரிந்திருந்தது. அப்பா கண்ணாலேயே பாப்பாவிடம் கெஞ்சினார். அவளுக்கு வயிறு எரிந்தது. அவருக்காக எரிந்ததா, அவர் மேலேயே எரிந்ததா என்று அவளுக்கே தெரியவில்லை. பட்டைக்கும் தோலுக்கும் நடுவில் பஞ்சு வைக்கச் சொல்லி நர்ஸோடு சண்டை போட்டாள். அதைத் தவிர அவளால் ஒன்றும் செய்ய முடியவில்லை.

மருந்து வேலை செய்து சளி குறைந்தது. எட்டாம் நாள் வீட்டுக்கு அனுப்பினார்கள். முன்பு கழிப்பறை வரை நடந்தவருக்கு இப்போது எழுந்து உட்காரவே ஆள் வேண்டியிருந்தது. அண்ணனுக்கோ தலைகால் புரியவில்லை. விட்டிருந்தால் அன்றைக்கே முடிந்திருக்கும், நான் திருப்பிக் கூட்டிக்கொண்டு வந்துவிட்டேன் என்று வருகிறவர்களிடமெல்லாம் சொன்னான். பாப்பா யாரோடும் பேசவில்லை. அப்பாவுக்கு வாய் கொப்பளிக்கத் தண்ணீர் கொடுத்தாள், உடம்பு துடைத்துவிட்டாள், வேளைக்குக் கஞ்சி ஊட்டினாள். எல்லாம் முகத்தைத் திருப்பிக்கொண்டுதான்.

வீட்டுக்கு வந்த நாலாம் நாள் காலை. அண்ணன் சமையலறையில் தேநீர் போட்டுக்கொண்டிருந்தான். அப்பா அவள் கையைப் பிடித்தார். அடுத்த தடவை என்னை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக விடாதே பாப்பா, நீதான் அவனுக்கு எடுத்துச் சொல்ல வேண்டும் என்று குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

அவள் கையை உருவிக்கொண்டாள்.

"நான் சொல்ல மாட்டேன். அங்க எல்லார் முன்னாடியும் என்னைக் கொலைகாரி ஆக்கிட்டீங்க. எரியற வீட்டுக்குள்ள போனவர் நீங்க. பெத்த பிள்ளை மூஞ்சியைப் பார்த்து ஒரு வார்த்தை சொல்ல பயம். அந்தப் பயத்துக்கு நான் பதில் சொல்லணுமா?"

"அவன்... தாங்க மாட்டான் பாப்பா."

"நான் மட்டும் தாங்குவேனா? கேட்டீங்களா என்னை, ஒரு தடவையாவது?"

பாப்பா விடவில்லை. சாவு உங்களுடையது, அதை எப்படி வேண்டும் என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும், எழுதிக் கொடுக்க மட்டும்தான் என்னால் முடியும் என்றாள். குரல் தெருவரை கேட்டிருக்கும். அண்ணன் கரண்டியோடு ஓடி வந்தான். முடியாதவரிடம் என்ன கத்தல் என்று அவள் மேல் பாய்ந்தான். அவள் நாற்காலியைக் கட்டிலுக்குப் பக்கத்தில் தள்ளி அவனை உட்காரச் சொன்னாள். உட்கார மாட்டேன் என்றான். உட்கார் என்று அவள் போட்ட போட்டில் உட்கார்ந்துவிட்டான்.

அப்பாவுக்குச் சொல்லி முடிக்க அரை மணி நேரம் ஆனது. பேப்பரில் இருந்த ஒவ்வொன்றையும் சொன்னார். எல்லாம் தான் சொன்னதுதான், பாப்பா ஒரு எழுத்துகூடச் சேர்க்கவில்லை என்றார். அண்ணன், ஏன் அப்பா, ஏன் என்று மட்டும் கேட்டுக்கொண்டிருந்தான். அப்போதுதான் அப்பா அம்மாவைப் பற்றிச் சொன்னார். அது பாப்பாவே எதிர்பார்க்காதது.

அம்மா போனபோது அண்ணன் நடுக்கடலில் இருந்தான். தூக்கத்திலேயே நிம்மதியாகப் போய்விட்டாள் என்று அப்பா போனில் சொன்னார். ஒன்பது வருடமாக அவனும் அதையே நம்பிக்கொண்டிருந்தான். உண்மையில் அம்மா பன்னிரண்டு நாள் மெஷினில் கிடந்தாள். கையைக் கட்டிப் போட்டிருந்தார்கள். அப்பாவும் பாப்பாவும் கண்ணாடிக்கு வெளியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். போதும் நிறுத்துங்கள் என்று சொல்ல அப்பாவுக்குத் தைரியம் வரவில்லை.

"உன் அம்மா... என்னையே பார்த்தாடா. பன்னெண்டு நாளும். எனக்கு... அது வேண்டாம்."

அண்ணனுக்குக் கோபம் வந்தது. பாப்பா அவனிடம் அப்படியொரு கோபத்தைப் பார்த்ததே இல்லை.

"என்கிட்ட எல்லாத்தையும் மறைச்சீங்க. ஒண்ணும் தெரியாம நானே உங்க கையைக் கட்டச் சொல்லிக் கையெழுத்துப் போட்டேன். அதையும் பார்த்துட்டு சும்மா படுத்திருந்தீங்க."

ஒன்பது வருடமாக அந்தப் பொய்க்குப் பாப்பாவும் தலையாட்டியிருக்கிறாள். அண்ணன் கதவை ஓங்கிச் சாத்திவிட்டு வெளியே போனான். அடுப்பில் தேநீர் பொங்கி வழிந்து கருகியது.

சாயங்காலம் வந்தான். யாரையும் பார்க்காமல், அந்த மருந்து பாட்டில் எங்கே என்று கேட்டான். எத்தனை சொட்டு, எவ்வளவு நேரத்துக்கு ஒருமுறை என்று பாப்பாவிடம் கேட்டுச் சுவரில் எழுதி ஒட்டினான். மறுநாள் டாக்டரம்மாவைத் தானே போன் செய்து வரவழைத்தான். குறுக்குக் கேள்வியாகக் கேட்டு அவரைத் துளைத்தெடுத்துவிட்டு, பேப்பரில் பாப்பாவின் பெயருக்குக் கீழே தன் பெயரையும் எழுதினான். பிறகு இருவருமாகக் கட்டிலை முன்னறைக்குத் தள்ளினார்கள். கதவில் கட்டில் இடித்ததற்கு ஒருவரை ஒருவர் திட்டிக்கொண்டார்கள். அப்பாவுக்குச் சிரிப்பு வந்தது. சிரிப்பிலிருந்து இருமல் வந்தது.

அண்ணன் லீவை நீட்டித்தான். அப்பாவோடு அவன் முன்போல் பேசவில்லை. ஆனால் இரண்டு நாளுக்கு ஒருமுறை முகம் மழித்துவிட்டான். மூக்கில் உரிந்த இடத்தின் மேல் ரேசர் படாமல் மெதுவாகச் செய்வான். அப்பா ஏதாவது கேட்க வாயெடுத்தால், ஆடாதீங்க என்று அதட்டுவான்.

வீட்டுக்கு வந்த பதினேழாம் நாள் மத்தியானம் அப்பாவின் மூச்சு மாறியது. வேகமாக இழுத்து, நின்று, மறுபடி இழுத்தது. பாப்பாவுக்கு வார விடுமுறை நாள் அது. அண்ணன் நாக்குக்கு அடியில் மருந்தை விட்டான். கொஞ்ச நேரம் பார்த்தான். பிறகு அவன் கை மேசைமேல் இருந்த போனை எடுத்தது. பாப்பா பார்த்துக்கொண்டே இருந்தாள். எழுந்து பிடுங்கிவிடலாமா என்று நினைத்தாள். எத்தனை நாளைக்கு எல்லாவற்றையும் நானே பிடுங்கிக்கொண்டிருப்பது என்ற ஆத்திரத்தில் அப்படியே உட்கார்ந்திருந்தாள்.

அண்ணன் போனைத் தன் மடியில் கவிழ்த்து வைத்துவிட்டு அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டான். கட்டாத கை. தெருவில் பள்ளிக்கூடம் விட்டுப் பிள்ளைகள் போய்க்கொண்டிருந்த நேரத்தில், இரண்டு மூச்சுக்கு நடுவில் நீண்ட ஒரு இடைவெளி வந்தது. அடுத்த மூச்சு வரவில்லை. முகத்தில் கலவரம் எதுவும் இல்லை.

டாக்டரம்மா வந்து நேரத்தைக் குறித்துக் கொடுத்தார். ரொம்ப அமைதியாகப் போயிருக்கிறார், நீங்கள் இரண்டு பேரும் நல்லபடியாகப் பார்த்துக்கொண்டீர்கள் என்றார். பாப்பா தலையாட்டினாள். அமைதி என்ற வார்த்தையைக் கேட்டதும் அவளுக்குச் சுருக்கென்றது. மாஸ்க்கோடு கிடந்த அந்த ஐந்து நாளை யார் கணக்கில் சேர்ப்பது?

டாக்டரம்மா கிளம்பிய பிறகு அண்ணன் வெள்ளைச் சட்டையை எடுத்து வந்தான். இருவருமாகப் போட்டுவிட்டார்கள். பித்தான் மாட்டிக்கொண்டே அவன் சொன்னான்.

"எனக்கு அவர் மேல இன்னும் கோபம் போகலை பாப்பா."

"எனக்கும்தான்."

"உன் மேலயும்."

"தெரியும். எனக்கும் உன் மேல இருக்கு."

அவன் கடைசிப் பித்தானை மாட்டி, காலரைச் சரிசெய்தான். நாற்காலியைத் திருப்பிப் போட்டு அவளுக்கு எதிரே உட்கார்ந்தான். அந்தப் பன்னிரண்டு நாளும் அம்மாவுக்கு என்ன நடந்தது, ஒன்று விடாமல் சொல் என்றான்.

பாப்பா முதல் நாளிலிருந்து ஆரம்பித்தாள்.