ஏழாம் அத்தியாயத்தில் ஒரு பத்தி

தட்டச்சருக்கு வயது இருபத்தாறு. பிழைக்க வந்த ஊரில், சலவைக்கடைக்கு மேலே மூன்றாம் மாடியில் வாசம். பல்கலைக்கழகத் துணைவேந்தர் தன் புத்தகத்துக்காக நடந்துகொண்டே சொல்வதை டைப் அடிப்பது வேலை. சொல்வதோடு சரி, அச்சில் வந்ததை அவர் மேடையில்தான் முதன்முதலாகப் பார்ப்பார்.

வேலை பார்க்க வந்த இந்த நாட்டில் தங்கும் அனுமதியை நீட்டிக்க, ஒரு கடிதத்தில் அவர் கையெழுத்து வேண்டும். வெள்ளிக்கிழமை கடைசி நாள். கடிதம் அவர் மேசையில் முப்பத்தெட்டு நாளாகத் தவம் கிடந்தது.

"மேடம், இன்னிக்காவது சாரைப் பாத்துடலாமா?"

"சார் ஏழாவது அத்தியாயத்துல இருக்கார்" என்றார் செயலாளர் அம்மா.

"எதைப் பத்தி?"

"நம்மளை நம்பித் தூரத்துலேர்ந்து வர்றவங்களுக்குப் பல்கலைக்கழகம் எப்படிக் கதவைத் திறந்து வைக்கணும்னு. போறப்போ கதவைச் சாத்திட்டுப் போங்க."

சாயங்காலம் போனில் அக்கா எகிறினாள். "வாயில கொழுக்கட்டையா வச்சிருக்கே? அந்த மனுஷன் யார் பேச்சைத்தான் கேப்பாரு?"

"அவர் பேச்சை மட்டுந்தான்க்கா."

சொன்ன பிறகுதான் அவனுக்கே உறைத்தது. ஏழாம் அத்தியாயத்தின் நடுவில் ஒரு பத்தியைச் செருகினான்: 'ஒரு கையெழுத்துக்காக என் அலுவலகத்திலேயே ஓர் இளைஞன் நாற்பது நாளாகக் காத்திருக்கிறான். அவனுக்குப் பதில் சொல்லாமல் நான் சமூகத்துக்கு என்ன சொல்லிவிட முடியும்?'

வியாழக்கிழமை, சிறு நூலாக வந்த அந்த அத்தியாயத்தைத் துணைவேந்தர் அரங்கில் வாசித்தார். அந்த இடம் வந்ததும் நிறுத்தினார். அவன் நாற்காலி நுனிக்கு நகர்ந்தான். அவர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கைதட்டல் அடங்க இரண்டு நிமிடம் ஆயிற்று.

இறங்கி வந்தவர் அவனிடமே கேட்டார். "அந்தப் பையன் வர்ற இடம் எப்படி?"

"அப்படியே நிஜம் சார்."

"கற்பனைதான்யா! நிஜம்னு நம்ப வைக்கணும், அதான் எழுத்து."

பிறகு நூலில் கையெழுத்து வாங்க வரிசை நின்றது. அவனும் நின்றான். தன் முறை வந்ததும், அவர் மேசையிலிருந்து எடுத்து வந்திருந்த கடிதத்தை நூலின் மேல் விரித்து நீட்டினான்.

"யாருக்குப் போடணும்?" என்றார் நிமிராமலே.

"எனக்குத்தான் சார்."

போட்டுவிட்டார். அவன் கால் தரையில் பாவவில்லை.

வெள்ளிக்கிழமை, அனுமதி அலுவலகத்தில் அதிகாரி அம்மா கடிதத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார்.

"என்ன தம்பி, கையெழுத்துக்கு மேல 'அன்புடன்'னு போட்டிருக்கு? ஆபீஸ் லெட்டர்ல எந்தத் துணைவேந்தர் இப்படிப் போடுவாரு? நீங்களே போட்டுட்டீங்களா?"

"ஐயோ மேடம், கையெழுத்து அவரோடதுதான். அன்புக்குத்தான் நான் பொறுப்பில்ல."

அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஆனாலும் விதி விதிதான். "நாலு மணிக்குள்ள அவரே போன் பண்ணி, ஆமா என் கையெழுத்துதான்னு சொல்லட்டும். முத்திரை குத்திடறேன்."

இப்போது மணி மூன்று இருபது. துணைவேந்தர் போனை அணைத்துவிட்டு அடுத்த அத்தியாயத்துக்குப் போய்விட்டார். இதைப் படிப்பவர்களில் அவரைத் தெரிந்தவர்கள் இருந்தால், தயவுசெய்து அவரை ஒரே ஒரு போன் பண்ணச் சொல்லுங்கள்.