எட்டுப் பக்க ரெஹ்ராஸ்

மொத்தம் இருபத்திரண்டு பக்கம். எட்டுதான் அச்சடித்துக் கொண்டுவந்தார் என் வீட்டுக்காரர்.

மாமனாருக்குப் பக்கவாதம் வந்து மூன்று மாதம். அந்தி சாய்ந்தால் சீக்கியர்கள் சொல்லும் ரெஹ்ராஸ் பிரார்த்தனையை அறுபது வருடம் மனப்பாடமாகச் சொன்னவர். இப்போது பாதி வரியில் நாக்கு நின்றுவிடுகிறது. யாராவது அடியெடுத்துக் கொடுத்தால் தொடர்வார். ரெக்கார்டைப் போட்டுவிட்டால் போச்சு என்றார் இவர். தன் வாயால்தான் சொல்வேன் என்று மாமா அழுதுவிட்டார்.

அந்தப் பிரார்த்தனை எழுதப்பட்டிருக்கும் குர்முகி எழுத்து எனக்குத் தெரியாது. ஆனால் நான் கல்யாணமாகி வந்த புதிதில், மருமகள் பேச ஆளில்லாமல் தவிக்கக் கூடாதென்று ஐம்பத்தைந்து வயதில் தமிழ் கற்றுக்கொண்டவர் மாமா. அவருக்கு இதைக்கூடச் செய்யமாட்டேனா? என் போன் ரிப்பேர். இவர் போனிலேயே மூன்று நாள் தேடி, ஆங்கில எழுத்தில் முழுதாக இருந்த பிரதியைக் கண்டுபிடித்தேன். தினமும் அந்தி நேரத்தில் அவர் போன் கைக்குக் கிடைக்காது; ஆபீசில் அச்சடித்து வாருங்கள் என்றேன். வந்தது எட்டு.

"மீதி எங்க?"

"பேத்தி பேரே ஞாபகம் இல்ல அவருக்கு. எட்டா இருபத்திரண்டான்னு தெரியவா போகுது?" என்றார், ஷூவைக் கழற்றிக்கொண்டே.

பொழுது சாய்ந்துகொண்டிருந்தது; சண்டை போட நேரமில்லை. கை கால் கழுவி, முக்காடு போட்டு, சுத்தமான துணி விரித்துத் தாள்களை வைத்தேன். நான் தப்பும் தவறுமாக அடியெடுக்க, மாமா கைகூப்பித் தொடர்ந்தார். போகப் போகக் குரல்கூடத் தெளிந்தது. எட்டாம் பக்கம் முடிந்ததும் நிறுத்தினேன்.

மாமா காத்திருந்தார். பிறகு தானாகவே இரண்டு வரி சொன்னார். மூன்றாவது வரவில்லை.

"மறந்துட்டேன்மா," என்றார். "உனக்குத்தான் வீண் சிரமம்."

அதற்குமேல் என்னால் பொறுக்க முடியவில்லை. கூடத்தில் காலை நீட்டிக் கிடந்தவர் காதில் விழட்டும் என்றே சொன்னேன். "நீங்க மறக்கல மாமா. உங்க பையன்தான் மீதியக் கொண்டுவரல."

டிவி சத்தம் நின்றது. இவர் வந்து அறை வாசலில் தலைகுனிந்து நின்றார். மன்னிப்பு கின்னிப்பு எதுவும் எனக்கு வேண்டியிருக்கவில்லை. ஒரு துண்டை எடுத்து நீட்டினேன்.

"தலைய மூடிக்கிட்டு உக்காருங்க. ஒன்பதாம் பக்கம். உங்க போன்லயே இருக்கு."

படித்தார். நாலாவது வரியில் ஒரு சொல்லை விழுங்கினார். மாமா கையை உயர்த்தி நிறுத்தி, விட்டுப்போன சொல்லைத் தானே எடுத்துக்கொடுத்து, திரும்பப் படிக்கச் சொன்னார்.

எட்டுக்கும் இருபத்திரண்டுக்கும் வித்தியாசம் தெரியாதவராம்.