யசோதராவின் நீலச் சுவர்

பதினெட்டு வருடமாக சினிமாவில் நான் செய்துவரும் வேலையை ஒரே வரியில் எழுதிவிடலாம்: சுத்தமான சுவரை அழுக்காக்குவது. டைட்டிலில் புரொடக்‌ஷன் டிசைனர் அருள்பிரகாசம் என்று போடுவார்கள். வடசென்னைக் கதை என்றால் முதல் போன் எனக்குத்தான். டீ டிகாக்‌ஷன், கரித்தூள், போஸ்டர் கலர் மூன்றையும் கலந்து அடிப்பேன். ஷூட்டிங் முடிந்ததும் ஈரத்துணியால் துடைத்தால் போய்விடும். குடியிருக்கிற வீட்டுச் சுவரில் எண்ணெய் படவே கூடாது. உதவியாளர்களைத் திட்டித் திட்டி நான் மனப்பாடம் செய்யவைத்த விதி அது.

இந்தப் படத்துக்கு நான் தயாரிப்பாளரும்கூட. விதியை மீறியவன் நானே.

ஷூட்டிங்குக்கு எடுத்தது எர்ணாவூர் குடியிருப்பில் மூன்றாவது மாடி, யசோதராவின் வீடு. ஆஸ்பத்திரியில் வார்டு வேலை பார்க்கிறவர். மகள் மகிழினியைப் பெண் பார்க்க ஞாயிற்றுக்கிழமை மீஞ்சூரிலிருந்து வருகிறார்கள் என்று கூடத்துச் சுவருக்கு நீலம் அடித்து, நடுவில் புத்தர் படம் மாட்டியிருந்தார்.

"சனிக்கெழம சாய்ந்தரம் இதே மேரி இருக்கணும் சார். பொண்ணு விஷயம்."

"என் பொறுப்பும்மா," என்றேன்.

வியாழன் காலை இயக்குநர் ஜோபின் நான் பழசாக்கி வைத்த சுவரைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். "இன்னும் பிசுபிசுன்னு வேணும் ப்ரோ. பார்த்தா குமட்டணும்."

இன்னொரு பூச்சு காய ஒரு மணி நேரமாகும். டிசைனர் மட்டுமாக இருந்திருந்தால் காத்திருங்கள் என்றிருப்பேன். எனக்குள் இருந்த தயாரிப்பாளருக்கு அந்த ஒரு மணி நேரச் செலவு பொறுக்கவில்லை. படகு செட்டுக்காகக் காசிமேட்டில் வாங்கிய பழைய எஞ்சின் ஆயில் வேனில் இருந்தது. என் கையாலேயே பூசினேன்.

வெள்ளியன்று காட்சி முடிந்தது. சோப்பு போட்டுத் தேய்த்து, இரண்டு கோட் நீலம் அடித்தோம். சனிக்கிழமை மாலை ஆயில் அந்த நீலத்தைத் துளைத்துக்கொண்டு, ஆள் உயரத்துக்கு, சீழ்போல மேலே வந்து நின்றது. பூச்சையே கொத்தி எடுத்தால்தான் போகும்.

ஜோபினுக்குப் போட்டோ அனுப்பினேன். "சூப்பர் ப்ரோ! திங்கக்கிழம ரெண்டு க்ளோஸப் எடுத்துடலாம்," என்று போனில் குதித்தார். கறை படத்துக்காவது உதவுகிறதே என்று ஒரு கணம் எனக்கும் நிம்மதியாக இருந்தது. அந்த நிம்மதியை நினைத்தால் இப்போதும் வாயில் ஆயில் ருசிக்கிறது.

யசோதரா கத்தவில்லை. "நாளைக்கு நீயே வந்து அவங்களாண்ட சொல்லு," என்றார். அவர் பேச்சிலிருந்து 'சார்' போய்விட்டிருந்தது.

போனேன். மாப்பிள்ளையின் அம்மா நாற்காலியைச் சுவரிலிருந்து தள்ளிப் போட்டு, புடவையை இடுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். டீயைத் தொடவில்லை.

"இன்னா செவுரு இது, இவ்ளோ கலீஜா கீது?"

"நான் பூசினதும்மா, சினிமாவுக்கு. இது சுத்தமான வீடு."

"அப்டியா? ஏற்கனவே கலீஜா இருக்கங்காட்டிதான இந்த வூட்டத் தேடி வந்தீங்க?"

பதினெட்டு வருடமாக நான் படம் படமாகச் சொல்லிக்கொடுத்ததைத்தான் அந்த அம்மாள் ஒப்பித்தார். போன் பண்ணுகிறோம் என்று எழுந்துவிட்டார்கள்.

மகிழினி ஆறிய டீயைக் கொண்டுபோய்க் கொட்டினாள். "வுடும்மா. டீ குடிக்கக் கூசுறவங்க வூட்ல எனக்கு இன்னா வேல?"

யசோதரா சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

திங்கள் காலை யூனிட்டோடு ஏறிப்போனபோது கதவு திறந்திருந்தது. தாயும் மகளும் சுத்தியலும் உளியுமாகச் சுவரைக் கொத்திக்கொண்டிருந்தார்கள். ஆயில் ஊறிய பூச்சு தரையில் குவிந்து கிடந்தது. உள்ளே செங்கல் தெரிந்தது.

ஜோபின் வாசலிலேயே நின்றுவிட்டார். "ஐயோ ப்ரோ, இது இன்னும் ரியலா இருக்கே! கேமராவ வைங்க."

யசோதரா சுத்தியலோடு எழுந்து வந்தார். "கொத்திப்போட்டாலும் படம் புடிப்பீங்களா? த்தூ!" என்று எங்கள் முகத்தில் கதவை அறைந்து சாத்தினார்.

எச்சில் என் சட்டையில் விழுந்திருந்தது. துடைக்கவில்லை.

"விடுங்க ப்ரோ, இதே மாதிரி செங்கல் தெரியற செட் போட்டுடலாம்," என்றார் ஜோபின். "செவுரு என்ன சைஸ்?"

"பன்னிரண்டுக்கு ஒன்பது அடி," என்றது என் வாய்.