இரண்டு பூட்டு போட்ட மதகு

ஓய்வுநாள் எப்போது தொடங்குகிறது என்பதில் ஸ்கர்ட்டன் ஊர் இரண்டாகப் பிரிந்து ஆறு வருஷமாகிவிட்டது. அரசரின் தலையை வெட்டிய பிறகு ஆயர்களையும் துரத்திவிட்டு, இனி வேதத்தை நாமே வாசித்து நாமே நடப்போம் என்று சந்தோஷமாகக் கூடிய ஒரே சபைதான் அது. வாசித்தார்கள். உலகம் படைக்கப்பட்ட கதையில் மாலைதான் முதலில் வருகிறது, ஆகவே ஓய்வுநாள் சனிக்கிழமை சூரியன் மறையும்போதே பிறந்துவிடுகிறது என்றார் ஜோசையா பிளை. ஆண்டவர் உயிர்த்தெழுந்தது ஞாயிறு விடியலில், அதனால் நள்ளிரவிலிருந்து நள்ளிரவுவரைதான் கணக்கு என்றார் கேலப் தார்ன். ஜோசையா பக்கத்தார் கேலப் பக்கத்தாரை ஆந்தைகள் என்றார்கள். ஆந்தைகள் இவர்களை வௌவால்கள் என்றன.

ஜோசையாவின் மனைவி டாமரிஸுக்கு இதில் சந்தேகம் எதுவும் இருந்ததில்லை. சனிக்கிழமை மாலை பஞ்சாங்கத்தில் குறித்த நேரத்துக்குக் கையிலிருப்பதை அப்படியே கீழே வைத்துவிடுவாள். ஊசி துணியில் பாதி நுழைந்திருந்தாலும் அப்படியே நிற்கும். அந்த நிமிஷத்தில் அவளுக்குள் ஓர் அமைதி வந்து உட்காரும். அது பக்தி என்றே அவள் எண்ணியிருந்தாள். ஜெபவீட்டில் மற்றப் பெண்கள் தன்னைப் பார்த்துத் தங்கள் முக்காட்டைச் சரிசெய்துகொள்வதும் அந்த அமைதியில் ஒரு பங்கு என்பது அவளுக்குத் தெரியும். தெரிந்ததை அவள் எடுத்துப் பார்த்ததில்லை.

பிரிவினை வந்த வருஷம்தான் மகள் யூனிஸ், கேலபின் மகன் நத்தானியேலைக் கட்டிக்கொண்டு ஆந்தைகள் பக்கம் போனாள். ஜோசையா கல்யாணத்துக்குப் போகவில்லை. டாமரிஸ் வாரநாட்களில் மட்டும் போய்ப் பார்த்துவிட்டு வருவாள்.

பூட்டு விஷயமும் அதே குளிர்காலத்தில் வந்தது. ஸ்கர்ட்டன் கடலைவிடத் தாழ்ந்த ஊர். மழைத்தண்ணீர் வாய்க்காலில் சேர்ந்து கரைக்கு வரும். கடல் ஓதம் வடியும்போது மதகைத் தூக்கினால் தண்ணீர் வெளியே ஓடும், ஓதம் ஏறுவதற்குள் இறக்கிவிட வேண்டும். ஒரு நாளைக்கு இரண்டு வேளைதான் அதற்கு வாய்ப்பு. மதகுச் சக்கரத்தைச் சுற்ற நாலு ஆள் வேண்டும், சுற்றும்போது அது போடும் அலறல் ஊர் முழுக்கக் கேட்கும். சனிக்கிழமை மாலை ஜெபத்துக்கு நடுவே ஆந்தைகள் சக்கரத்தைச் சுற்றினார்கள் என்று வௌவால்கள் ஒரு பூட்டுப் போட்டார்கள். ஞாயிறு மாலை தங்கள் ஜெபத்துக்கு நடுவே வௌவால்கள் சுற்றினார்கள் என்று ஆந்தைகள் இன்னொன்று போட்டார்கள். ஒரு சாவி ஜோசையாவின் வீட்டு ஆணியில் தொங்கியது. மற்றது கேலபின் இடுப்பில்.

ஆறு வருஷம் ஒன்றும் ஆகவில்லை. ஆகாததை இரு தரப்பும் தங்கள் பக்கத்துக்குச் சாட்சியாக வைத்துக்கொண்டார்கள்.

அந்த நவம்பரில் செவ்வாய்க்கிழமை யூனிஸுக்கு ஆண் குழந்தை பிறந்தது. புதன்கிழமை மழை பிடித்துக்கொண்டது. வெள்ளிக்கிழமை அவளுக்குக் காய்ச்சல் கண்டது. தார்ன் குடும்பத்தின் வீடு கீழ்வரிசையில், வாய்க்காலை ஒட்டி இருந்தது. சனிக்கிழமை நண்பகலில் டாமரிஸ் போனபோது தண்ணீர் வாசற்படிக்கு இரண்டு முழம் கீழே நின்றது. கட்டிலில் வைக்கோல் மெத்தைமேல் மகள் சிவந்த முகத்தோடு கிடந்தாள். மருத்துவச்சி அக்னஸ் அடுப்பங்கரையில் குழந்தையைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

இந்த அக்னஸைத்தான் டாமரிஸ் ஒரு காலத்தில் அக்கா என்று கூப்பிட்டாள். போன வருஷம் ஒரு சனிக்கிழமை, சூரியன் மறைந்த பிறகு அக்னஸ் வீட்டுப் புகைபோக்கியிலிருந்து விலாங்கு மீன் வேகும் மணம் வந்தது. பெண்கள் சபையில் பேசுவதில்லை. டாமரிஸ் வீட்டில் சொன்னாள், ஜோசையா சபையில் சொன்னார், அக்னஸ் சபையை விட்டு வெளியே போனாள்.

“இவளை இப்ப அசைக்கக் கூடாது,” என்றாள் அக்னஸ், தலையைத் தூக்காமல். “இந்தக் குளிர்ல வெளிய தூக்கிட்டுப் போனா மூணு நாள் தாங்க மாட்டா. தண்ணி உள்ள வராம பாத்துக்கோ. அது உன் புருஷன் கையில இருக்கு.”

“கடல் எப்ப வடியுது?”

“நாலேகாலுக்கு மதகைத் தூக்கலாம்னு நத்தானியேல் சொல்றான்.”

டாமரிஸின் மனம் தானாகவே பஞ்சாங்கத்தைப் புரட்டியது. அன்றைக்குச் சூரியன் மறைவது நாலு மணிக்கு நாலு நிமிஷம் முன்பு. பத்தொன்பது நிமிஷம் குறைகிறது.

வீட்டுக்கு வந்து ஜோசையாவிடம் சொன்னாள். அவர் கல்நெஞ்சக்காரர் அல்ல. மகளின் காய்ச்சலைப் பற்றிக் கேட்டதும் முகம் வெளுத்து உட்கார்ந்துவிட்டார். சூரியன் மறையும் முன்பே போய் நம் பூட்டை மட்டும் திறந்து வைத்துவிட்டு வந்தால் என்ன, மற்றதை அவர்கள் பார்த்துக்கொள்ளட்டுமே என்று டாமரிஸ் கேட்டாள். கேட்கும்போதே அவர் என்ன சொல்வார் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது, ஏனென்றால் அவளே அதைப் பலமுறை மற்றவர்களுக்குச் சொல்லியிருக்கிறாள்.

“திருடனுக்குக் கதவைத் திறந்து வச்சுட்டு, நான் திருடலைன்னு சொல்ற மாதிரி இருக்கு,” என்றார். பிறகு குரல் தணிந்து, “அவ எனக்கும் பொண்ணுதான், டாமரிஸ். நான் ஜெபத்துல அவளுக்காகத்தான் நிக்கப் போறேன்,” என்றார்.

மூன்றரைக்கே ஜெபவீட்டுக்குப் போய்விட்டார். அடுப்பை மூடிவிட்டுப் பின்னாலேயே வருவதாக அவள் சொன்னாள்.

ஆணியில் சாவி தொங்கியது. அதை எடுக்கக் கூடாது என்று அவர் சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்று அவருக்குத் தோன்றியிருக்காது. டாமரிஸ் அதை எடுத்து மேலங்கிக்குள் செருகிக்கொண்டு மழையில் இறங்கினாள். கரைமேல் பாதை ஜெபவீட்டைத் தாண்டி ஒரு வளைவில் திரும்பும். அங்கிருந்து மதகு தெரியும். வளைவுவரை வந்தாள். சக்கரத்தருகே நாலு பேர் விளக்கோடு நின்றிருந்தார்கள், கேலபும் நத்தானியேலும் இன்னும் இருவரும். சும்மா நின்றார்கள். ஒருவேளை யாராவது வரலாம் என்று நின்றது போலிருந்தது.

அவள் திரும்பிப் பார்த்தாள். ஜெபவீட்டு ஜன்னலில் பெண்களின் வெள்ளை முக்காடுகள் வரிசையாகத் தெரிந்தன. ஒன்று இந்தப் பக்கம் திரும்பியிருந்த மாதிரி இருந்தது. ஆண்டவர் பார்க்கிறார் என்ற நினைப்பு அப்போது அவளுக்கு வரவில்லை. அதைப் பிற்பாடு எத்தனையோ முறை தேடிப் பார்த்தாள். அந்த இடத்தில் அது இல்லை. வந்ததெல்லாம் அக்னஸின் முகம்தான். விலாங்கு மீனுக்காக அவளை வெளியே தள்ளியவள் இன்றைக்குச் சாவியோடு ஆந்தைகளிடம் நடக்கிறாள் என்று ஊர் பேசும். கேலப் சிரிப்பார். சிரிக்காவிட்டாலும் உள்ளுக்குள் சிரிப்பார்.

தண்ணீர் இன்னும் இரண்டு முழம் கீழேதான் இருக்கிறது என்று அவள் தனக்குச் சொல்லிக்கொண்டாள். திரும்பி வந்து சாவியை ஆணியில் மாட்டினாள். ஜெபத்துக்கு அவள் தாமதமாக வந்ததை யாரும் கவனிக்கவில்லை.

மழை விடவில்லை. ஞாயிறு விடியலில் கடல் மறுபடி வடிந்தபோது இரு தரப்புக்கும் ஓய்வுநாள். காலையில் கீழ்வரிசைத் தொழுவங்களில் மாடுகள் முழங்கால் தண்ணீரில் நின்று கத்தின. அதில் மட்டும் கருத்து வேறுபாடு எழவில்லை. குழியில் விழுந்த மாட்டையும் ஆட்டையும் ஓய்வுநாளில் தூக்கலாம் என்று வேதத்தில் இருக்கிறது. ஆந்தைகளும் வௌவால்களும் ஆறு வருஷத்தில் முதல்முறையாகச் சேர்ந்து தட்டைப் படகுகளில் மாடுகளை ஏற்றி மேட்டுக்குக் கொண்டுபோனார்கள். மதகும் அதே மாதிரிதானே என்று ஒரு கிழவர் கேட்டாராம். மாட்டைத் தூக்கச் சொன்னவர் தண்ணீரைத் தூக்கச் சொல்லவில்லையே என்று யாரோ பதில் சொன்னார்களாம். இரு தரப்பும் அதை ரசித்தார்கள்.

டாமரிஸ் படகில்தான் மகள் வீட்டுக்குப் போனாள். தண்ணீர் வாசற்படியைத் தாண்டித் தரையில் மெல்லியதாகப் பரவியிருந்தது. கட்டில் கால்களுக்கு அடியில் அடுப்பெரிக்க வெட்டி வைத்திருந்த கரிமண் கட்டிகளை அடுக்கிக்கொண்டிருந்தாள் அக்னஸ்.

“ஊர்ல சம்மட்டி இல்லையா?” என்று கேட்டாள். “ரெண்டு அடி. ரெண்டு பூட்டு. அதுவும் வேலைன்னு சொல்லுவாங்க, இல்ல?”

டாமரிஸ் போய் மகள் பக்கத்தில் உட்கார்ந்தாள். யூனிஸின் கை அடுப்புக்கல் மாதிரி சுட்டது.

“அப்பா சாவி குடுக்கலையாம்மா?”

“சாயங்காலம் குடுப்பாருடி. சூரியன் மறைஞ்ச உடனே.”

“அப்ப எங்க மாமனார் குடுக்க மாட்டார்.” யூனிஸ் சிரிக்க முயன்றாள். “நேத்து வளைவு வரைக்கும் யாரோ வந்தாங்களாம். பொம்பளை மாதிரி இருந்துச்சுன்னு அவர் சொன்னார். உங்க அம்மாவா இருக்குமோன்னு கேட்டார்.”

“நான் இல்ல.”

“நானும் அதான் சொன்னேன். எங்க அம்மா அவ்வளவு தூரம் வந்திருந்தா பாதியில திரும்ப மாட்டாங்கன்னு.”

அக்னஸ் ஒரு கட்டியைக் கையில் வைத்தபடி நிமிர்ந்து டாமரிஸைப் பார்த்தாள். பிறகு குனிந்து அதைக் கட்டில் காலுக்கு அடியில் தள்ளினாள்.

அன்று மாலை பஞ்சாங்க நேரம் வந்ததும் ஜோசையா ஓடினார். அவர் ஓடி டாமரிஸ் பார்த்ததே இல்லை. கேலபின் முன்னால் எல்லோரும் பார்க்கத் தொப்பியைக் கழற்றிக் கெஞ்சினாராம். கேலப் அழுதாராம். என் பேரன் படுத்திருக்கிற வீடு சம்பந்தி, எனக்கு மட்டும் வலிக்காதா என்றாராம். ஆனால் நள்ளிரவுவரை ஓய்வுநாள். நேற்று நீங்கள் நின்ற இடத்தில் இன்று நான் நிற்கிறேன் என்று சொல்லிவிட்டார்.

ஜோசையா நனைந்து திரும்பி வந்தார். “கேட்டேன். குடுக்க மாட்டேன்னுட்டான். எல்லாரும் பாத்தாங்க,” என்றார். டாமரிஸ் விளக்கை அவர் முகத்துக்கு நேரே தூக்கினாள். அங்கே துக்கம் இருந்தது, உண்மையான துக்கம். அதற்குப் பின்னால், இரவல் வாங்கியதைத் திருப்பிக் கொடுத்துவிட்டவனின் முகத்தில் தெரிவது போல ஒரு சின்ன நிம்மதியும் இருந்தது. இனி பழி நம்முடையது மட்டும் அல்ல. அவளால் அவரை வெறுக்க முடியவில்லை, ஏனென்றால் அவர் கெஞ்சிய கதையைக் கேட்கும்போது அவளுக்குள்ளும் அதே நிம்மதி எழுந்ததை அவள் கையும் களவுமாகப் பிடித்திருந்தாள்.

தண்ணீர் கட்டிலைத் தொட்டது. அன்றிரவே நத்தானியேல் மனைவியைப் போர்வையில் சுற்றிப் படகில் ஏற்றினான். மேட்டுக்கு வந்து சேர்வதற்குள் போர்வை முழுக்க ஊறிவிட்டது. திங்கள் காலை, இரு தரப்புக்கும் வேலைநாள் பிறந்தபின், இரண்டு சாவிகளும் சேர்ந்து வந்து மதகைத் திறந்தன. சக்கரத்தின் அலறல் யூனிஸ் படுத்திருந்த அறைவரை கேட்டது. அவள் புதன்கிழமை இறந்தாள். குழந்தை பிழைத்தது.

வெள்ளம் யாருடைய பாவத்துக்கான தண்டனை என்று இரண்டு ஜெபவீடுகளிலும் தெளிவாக விளக்கப்பட்டது. ஒரு மாடுகூடச் சாகாததற்காக நன்றி நாள் ஒன்று வைப்பதில் இரு தரப்பும் ஒத்துப்போனார்கள். அது எப்போது தொடங்குவது என்று தெரியாததால் இரண்டாக வைத்தார்கள்.

நத்தானியேல் குழந்தையை டாமரிஸிடம் விட்டிருந்தான். அடுத்த சனிக்கிழமை பிற்பகல் அவள் ஜன்னலருகே அதற்கு ஒரு சட்டை தைத்துக்கொண்டிருந்தாள். தொட்டிலருகே அக்னஸ் உட்கார்ந்திருந்தாள். ஜோசையா அவளுக்கு வணக்கம் சொல்லாமல் அவளைத் தாண்டி ஜெபவீட்டுக்குப் போனார். மழை இல்லை. வெளிச்சம் சாம்பல் நிறமாக மங்கியது.

டாமரிஸின் கை நின்றது. ஊசி துணியில் பாதி நுழைந்திருந்தது. அவள் நிறுத்தவில்லை, கை தானாக நின்றது. அதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். இனி இந்த ஜென்மத்தில் அந்த நேரத்துக்குக் கையை மடக்க மாட்டேன் என்று மகளின் குழிமேட்டில் நின்று நினைத்திருந்தாள். கைக்கு அது தெரியவில்லை.

ஊசியைத் தள்ளிப் பார்த்தாள். தள்ள முடிந்தது, ஆனால் அடுத்த தையல் எங்கே போட வேண்டும் என்று கண்ணுக்குத் தெரியவில்லை. துணியை வைத்துவிட்டு எழுந்து ஆணியிலிருந்து சாவியை எடுத்தாள்.

“இப்ப எதுக்கு?” என்றாள் அக்னஸ். “வாய்க்கால்ல தண்ணியே இல்ல.”

“தெரியும், அக்கா. பிள்ளையைப் பாத்துக்கோங்க.”

சாவியைக் கையில் எல்லோருக்கும் தெரியும்படி பிடித்துக்கொண்டு நடந்தாள். ஜெபவீட்டு ஜன்னலில் முக்காடுகள் ஒவ்வொன்றாகத் திரும்பின. உள்ளே ஜோசையாவின் குரல் ஒரு வார்த்தையில் தடுக்கி நின்றது, பிறகு தொடர்ந்தது. வளைவுக்கு வந்தாள். போன வாரம் நின்ற இடத்தில் அவள் கட்டைச் செருப்பின் ஆழமான தடம், மழை பாதி கலைத்த பிறகும், களிமண்ணில் இன்னும் தெரிந்தது. இரண்டு கால்களும் ஒட்டி நின்ற தடம், பிறகு திரும்பிய தடம்.

அங்கிருந்து மதகுவரை அவள் அடிகளை எண்ணிக்கொண்டே நடந்தாள். சக்கரத்தருகே இன்று யாரும் இல்லை. இரண்டு பூட்டுகளும் பக்கத்துப் பக்கத்தில் தொங்கின. தன் பூட்டைத் திறந்து கையில் எடுத்துக்கொண்டாள். மற்றது அப்படியே இருந்தது.

நாற்பத்தொரு அடி. அவ்வளவுதான் இருந்தது.